கழுவிய படம்

அபுதாபியை ஒட்டிய முசஃபாவில் குப்பை என்று எதுவும் கிடையாது. பேட்டரியை உடைத்து ஈயம் எடுப்பார்கள், வயரை உரித்துச் செம்பு எடுப்பார்கள். சோலைமுத்து வேலை பார்த்த யார்டில் எக்ஸ்ரே படங்களைக் கழுவி வெள்ளி எடுத்தார்கள். ஆஸ்பத்திரிகளில் கழித்துப்போட்ட படங்கள் மூட்டை மூட்டையாக வரும். காஸ்டிக் சோடாவைக் கரைத்துச் சுடவைத்த தொட்டிக்குள் அவற்றைக் கம்பிக்கூடையோடு இறக்கினால், கால் மணி நேரத்தில் யாரோ ஒருவருடைய விலா எலும்பும் இன்னொருவருடைய முறிந்த காலும் கறுப்புக் குழம்பாகக் கழன்று அடியில் தங்கிவிடும். அந்தக் குழம்பில்தான் வெள்ளி இருக்கிறது. மிஞ்சுவது கண்ணாடி மாதிரி வெறும் தகடு.

நாலரை வருஷமாக அவனுக்கு இதே வேலை. கை ரேகையெல்லாம் காஸ்டிக் தின்றுவிட்டது. ஊர் முதுகுளத்தூர் பக்கம். மனைவி தாமரை ஏழு மாதக் கர்ப்பமாக இருந்தபோது விமானம் ஏறினான். மகள் அகிலாவுக்கு இப்போது நாலு வயது முடிந்துவிட்டது. இடையில் ஒரே ஒரு லீவு. மகளை அவன் தூக்கிச் சுமந்தது மொத்தம் ஐம்பத்தெட்டு நாள். அடுத்த லீவுக்கு இன்னும் இரண்டு மாதம். அந்த இரண்டு மாதத்தை நெட்டித் தள்ளுவதுதான் அவனுக்குப் பெரும்பாடாக இருந்தது.

2005 ஆகஸ்டில் ஒரு திங்கட்கிழமை காலை, பிக்கப் ஒன்று பதினாலு வட்டத் தகர டப்பாக்களைக் கொண்டுவந்து இறக்கிவிட்டுப் போனது. அபுதாபியில் தனியாக இருந்து செத்துப்போன ஒரு பிரெஞ்சுக் கிழவரின் வீட்டைக் காலி செய்தார்களாம். மூடியைத் திறந்ததும் கற்பூரமும் புளித்த மோரும் கலந்த மாதிரி ஒரு வாடை மூக்கில் அடித்தது. உள்ளே சினிமா பிலிம், சுருள் சுருளாக.

யார்டைப் பார்த்துக்கொண்ட முகம்மது ரிபாய் காரைக்கால்காரர். அவருடைய வாப்பா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர். அந்தப் புண்ணியத்தில் பள்ளியில் நாலெழுத்து பிரெஞ்சும் படித்திருந்தார். கண்ணாடியை மூக்கில் தள்ளிக்கொண்டு மூடிகளைத் தடவிப் பார்த்தார்.

"ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஏழு. ஊமைப் படம்டா. நாலு நிமிஷம், அஞ்சு நிமிஷம் ஓடும். கண்கட்டு வித்தை மாதிரி எடுப்பானுவ. அந்தக் காலத்துலயே பாதியை நம்மள மாதிரிதான் வெள்ளிக்குக் காச்சிட்டானுவ. மிச்சம் எரிஞ்சு போச்சு."

"யாராச்சும் தேட மாட்டாங்களா பாய்?" என்றான் சோலைமுத்து.

"நம்மகிட்ட ஸ்கிராப்னு வந்தா ஸ்கிராப். கலாஸ், பேச்சு முடிஞ்சுது. பீடி கீடி பக்கத்துல வந்துச்சு, யார்டே பத்திக்கும். கொஞ்சம் கொஞ்சமாப் போடுங்க."

மறுநாள் மதியம். அந்த வருஷம்தான் உச்சி வெயிலில் வெளியே வேலை வாங்கக் கூடாது என்று புதிதாகச் சட்டம் வந்திருந்தது. எல்லோரும் ஷெட்டுக்குள் துண்டை விரித்துப் படுத்துவிட்டார்கள். சோலைமுத்துவுக்குத் தூக்கம் வரவில்லை. முதல் டப்பாவைத் திறந்து, சுருளின் நுனியை உருவி வெயிலில் பிடித்துப் பார்த்தான்.

ஒரு மேடை. அதில் கறுப்புக் கோட்டும் கூர்த்தாடியுமாக ஒரு நெட்டை ஆள். பக்கத்தில் வெள்ளைக் கவுன் போட்ட சின்னப் பெண் குழந்தை, அகிலா வயதுதான் இருக்கும். படம் முழுக்கக் கறுப்பு வெள்ளை. அந்த ஆள் கையில் இருந்த துணி மட்டும் ரத்தச் சிவப்பு. யாரோ பொறுமையாக உட்கார்ந்து, கட்டம் கட்டமாகத் தூரிகையால் வண்ணம் வைத்திருக்கிறார்கள். நகர்த்த நகர்த்தத் துணி குழந்தையின் தலைக்கு மேலே உயர்ந்தது, இறங்கியது, மூடியது. அடுத்த கட்டத்தில் துணி தரையில் கிடந்தது. குழந்தை இல்லை.

தாடிக்காரன் மட்டும் பல் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தான். பார்க்கிறவனையே பார்த்துச் சிரிக்கிற சிரிப்பு.

அழகாகத்தான் இருந்தது. நாளை ராத்திரி தியாகு லீவில் ஊருக்குப் போகிறான். ரூமில் ஒருவன் ஊருக்குப் போனால் மற்ற ஒன்பது பேரும் ஆளுக்கொரு பொட்டலம் கொடுத்துவிடுவது வழக்கம். சோப்பு, தைலம், டேங் பவுடரோடு பிள்ளைக்கு இதையும் அனுப்பினால் என்ன? வெயிலில் பிடித்துப் பார்த்துக் குதிப்பாளே. தகடு வெட்டுகிற கத்தரியை எடுத்து, இரண்டு கையையும் விரித்த நீளத்துக்கு ஒரு துண்டை வெட்டினான். குழந்தை மறைகிற இடம் வரை அதில் இருந்தது.

பெற்ற பிள்ளைக்கு விளையாட்டுச் சாமான் என்று நினைத்து அவன் செய்த காரியம் இது. வேறு ஒரு கெட்ட எண்ணமும் அவனுக்கு இல்லை. அதைச் சொல்லித்தான் ஆகவேண்டும்.

மீதிச் சுருளைக் கூடையில் போட்டபோது அதன் கடைசி நுனி விரிந்து கண்ணில் பட்டது. சிவப்புத் துணி மறுபடி உயர்கிறது. அதன் அடியில் குழந்தை நின்று கை ஆட்டுகிறது. சரி, பிள்ளை பத்திரமாகத் திரும்பிவிட்டது என்று அவனுக்கே ஒரு சின்னத் திருப்தி. இடைவேளை முடிந்ததும் கூடையைத் தொட்டிக்குள் இறக்கினான்.

சத்தம் நின்றது.

பக்கத்து ஒர்க்‌ஷாப்பில் கிரைண்டர் ஓடிக்கொண்டிருந்தது, பொறி பறந்தது, சத்தம் வரவில்லை. ரோட்டில் டிரெய்லர் ஒன்று ஊமையாகப் போனது. கூட வேலை பார்க்கும் மாயாண்டி அண்ணன் குழாயடியில் முகம் கழுவிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்தார். அவ்வளவுதான் சோலைமுத்து பார்த்தது. அடுத்த கணம் அவர் ஷெட் வாசலில் நின்றார். நடுவில் இருந்த இருபது அடியை அவர் நடக்கவே இல்லை.

பிறகு எல்லாச் சத்தமும் ஒன்றாக வந்து காதில் விழுந்தது.

"என்னடா பேயடிச்ச மாதிரி நிக்கிற?" என்றார் மாயாண்டி.

"வெயிலு, அண்ணே."

"உப்புப் போட்டுத் தண்ணியக் குடி."

குடித்தான்.

வெள்ளிக்கிழமை விடுமுறை. கார்டைச் சுரண்டி வீட்டுக்குப் போன் போட்டான். தியாகு பொட்டலத்தைச் சேர்த்துவிட்டானாம். தாமரையின் குரலில் சந்தோஷம் இருந்தது, கூடவே ஒரு சலிப்பும்.

"நேத்துல இருந்து அந்தப் பிலிமை கையில இருந்து இறக்க மாட்டேங்கிறா. சோறு தண்ணி வேணாம். வெயில்லயே நிக்கிறா. ஏங்க, அதுல இருக்க தாடிக்காரன் முழி நல்லாவே இல்லையே."

"அது சினிமா புள்ள. அவகிட்ட குடு."

அகிலா போனை வாயில் ஒட்டிக்கொண்டு பேசினாள். மூச்சுச் சத்தம்தான் முதலில் வந்தது.

"அப்பா, இந்தப் பாப்பா எங்கப்பா போச்சு?"

"ஒளிஞ்சிருக்கும்மா."

"எப்பத் திரும்பி வரும்?"

அது திரும்பி வரும் இடத்தைத்தான் அவன் செவ்வாய்க்கிழமையே கழுவிவிட்டானே.

"அடுத்த துண்டுல வரும்மா. அப்பா லீவுல வரும்போது கொண்டாறேன்."

"அந்த மாமா என்னைய வான்னு கூப்பிடுறாருப்பா."

"பொம்மை கூப்பிடாதும்மா."

"கூப்பிடுறாரு. நேத்து கையை இங்க வச்சிருந்தாரு. இன்னைக்கி நீட்டுறாரு."

போனை வைக்கும்போது தாமரையிடம் அந்தத் துண்டைப் பிடுங்கி உள்ளே வைக்கச் சொன்னான். சரி என்றாள். பிள்ளை தூங்கினதும் எடுத்து வைக்கிறேன், இப்போது பிடுங்கினால் ஊரைக் கூட்டிவிடுவாள் என்றாள். சாயங்காலம் ரூமில் பிரியாணி செய்தார்கள். அவன் தொடவில்லை.

பயந்தவன் என்ன செய்வான்? பயமுறுத்தும் பொருளைக் கண்ணில் படாமல் ஒழித்துக்கட்டப் பார்ப்பான். சனிக்கிழமை காலை முதல் ஆளாக யார்டுக்குப் போனான் சோலைமுத்து. கொஞ்சம் கொஞ்சமாகப் போடச் சொன்ன பிலிமில் எட்டு டப்பா மிச்சம் இருந்தது. எல்லாவற்றையும் இன்றைக்கே தொலைத்துவிடுகிறேன் என்று மாயாண்டியிடம் சொன்னான். சுருள்களை வெயில் பக்கம் காட்டவே இல்லை. முகத்தைத் திருப்பிக்கொண்டு கூடைகளில் திணித்தான். பதினொன்றரை மணிக்குத் தொட்டி சூடேறியது. முதல் கூடையை இறக்கினான்.

அப்போதுதான் ரிபாய் பாய் ஆபீஸ் அறையிலிருந்து கூப்பிட்டார். செவ்வாய்க்கிழமை காலியான முதல் டப்பாவை அவர் போல்ட்டு, நட்டுப் போட்டுவைக்க எடுத்துப்போயிருந்தார். அதன் அடியில் மடித்து ஒட்டியிருந்த ஒரு காகிதம் அவர் கையில் இருந்தது.

"இதப் பாருடா வேடிக்கைய. படம் காட்டுறவனுக்கு எழுதியிருக்கான்." விரலை எழுத்தின் மேல் ஓட்டித் தட்டுத்தடுமாறிப் படித்தார். "பிள்ளை திரும்பி வர்ற வரைக்கும் படத்தை நிறுத்தக் கூடாது. அறுந்துபோனா, ஒட்டின பிறகுதான் காட்டணும். மறையிற பகுதிய மட்டும்... மட்டும் தனியா..." கண்ணாடியைத் துடைத்துக்கொண்டார். "தனியா எந்தப் பிள்ளை கண்ணுலயும் காட்டிராதீங்க."

சோலைமுத்துவின் சட்டைப்பையில் செல் ஒரு முறை அடித்து நின்றது. மிஸ்டு கால். தாமரை அப்படித்தான் கொடுப்பாள், அவன் திருப்பிக் கூப்பிடுவான். மறுபடி அடித்தது. நின்றது. மறுபடி அடித்தது. மூன்று தொடர்ந்து வந்தால் ஏதோ அவசரம் என்று இருவருக்கும் ஒரு பேச்சு. இந்த நாலரை வருஷத்தில் மூன்று வந்ததே இல்லை. உடனே திருப்பிக் கூப்பிட்டான்.

"ஏங்க." அவள் அழவில்லை. கிசுகிசுவென்று பேசினாள். "பிள்ளையைக் காணோம்."

"வெளிய எங்கயாச்சும்..."

"வெளிய போகலைங்க. வாசல்ல நின்னா. அந்தப் பிலிமை வெயில்ல பிடிச்சுக்கிட்டு நின்னா. நான் அரிசி புடைச்சுக்கிட்டு அவளைத்தான் பாத்துக்கிட்டு இருந்தேன். திடீர்னு சத்தமே இல்லாமப் போச்சு. முறம் தட்டுற சத்தம்கூட எனக்குக் கேக்கல. செவப்பா என்னமோ அவ மேல விழுந்த மாதிரி இருந்துச்சு. அவ நடக்கல, ஓடல."

அவள் மூச்சு வாங்கினாள்.

"இருந்தா. இல்லைங்க."

போன் அவன் கையிலிருந்து நழுவியது. நடந்ததை ஒரே மூச்சில் பாயிடம் சொன்னான். ரிபாய் பாயின் முகம் வெளுத்தது. ஒரு கணம் யோசித்தவர், டப்பா மூடியில் இருந்த படத்தின் பெயரை மறுபடி படித்தார்.

"இன்னொன்னு இருக்குடா! இதே பேரு போட்ட மூடிய இன்னொன்னுலயும் பாத்தேன். ரெண்டு காப்பி. அதுல கடைசிப் பகுதி முழுசா இருக்கும்ல? அதை அனுப்பினா, வீட்டுல ஓட்டிக் காமிச்சா... எங்க அந்த டப்பா?"

அந்த டப்பா தொட்டியின் காலடியில் கிடந்தது. திறந்து.

காலி.

சோலைமுத்து ஓடினான். கையுறை, கொக்கி ஒன்றும் எடுக்கவில்லை. முழங்கை வரை இரண்டு கையையும் கொதிக்கிற காஸ்டிக்கில் விட்டுச் சுருளைப் பற்றி இழுத்தான். வலி என்று ஒன்று இருப்பதே அவனுக்கு அப்போது தெரியவில்லை. உருவி உருவிக் கடைசி நுனியைத் தேடினான். மேடை. தாடிக்காரன். தரையில் துணி. துணி உயர்கிறது. கட்டம் கட்டமாகச் சிவப்பு உயர்கிறது.

அடியில் நின்றது வெள்ளைக் கவுன் குழந்தை இல்லை.

அகிலா.

கால்கொலுசு தெரிந்தது. ஒரு பக்கம் அவிழ்ந்த ரெட்டைச்சடை தெரிந்தது. அவள் அப்பாவைத்தான் பார்த்தாள். ஒரு கட்டத்தில் கையைத் தூக்கினாள், அடுத்ததில் இன்னும் கொஞ்சம் தூக்கினாள், அதற்கு அடுத்ததில் வாயைத் திறந்தாள். அப்பா என்றுதான் கூப்பிட்டிருக்க வேண்டும்.

சத்தம் இல்லை.

படம் நழுவ ஆரம்பித்தது. பாலாடை மாதிரி மேல்பூச்சு தகட்டை விட்டுக் கழன்று, சுருங்கி, அவன் விரலிடுக்கில் வழிந்தது. முதலில் கொலுசு போயிற்று. பிறகு கை. இருபது கட்டத்தில் இருந்தவள் பத்துக் கட்டத்தில் இருந்தாள். ஐந்தில் இருந்தாள். அவன் ஊதினான், வெயிலில் நீட்டினான், வேண்டாம் வேண்டாம் என்று அந்தத் தகட்டைப் பார்த்துக் கெஞ்சினான். கடைசிக் கட்டத்தில் அவளுடைய திறந்த வாய் மட்டும் கொஞ்ச நேரம் இருந்தது.

தாடிக்காரன் எந்தக் கட்டத்திலும் அழியவில்லை.

பிலிம் பளிங்காகிவிட்டது. நடுவில் அவன் ஒருவன் மட்டும் நின்றான். தலையைத் தாழ்த்தி வணக்கம் சொல்லிக்கொண்டிருந்தான்.

சோலைமுத்து இரண்டு கையையும் இறுக மூடிக்கொண்டான். உள்ளங்கையில் கறுப்புக் குழம்பு. அவன் மகளில் மிச்சம் இருந்தது அவ்வளவுதான். புகை மாதிரி ஆவி வந்தது. தோல் வெந்துகொண்டிருந்தது.

"தண்ணிக்குக் கொண்டாடா கைய!" மாயாண்டி ஓடிவந்து இடுப்பைச் சுற்றிப் பிடித்தார். "காஸ்டிக்டா! எலும்பு வரைக்கும் போயிரும்!"

"வேணாம்ணே. கழுவாதீங்க. பிள்ளைண்ணே. கையில பிள்ளைண்ணே."

"பித்துப் பிடிச்சுப் போச்சு இவனுக்கு. பாய், நீங்க ஒரு கையப் பிடிங்க!"

அவர்கள் நல்லவர்கள். கூட வேலை செய்கிறவன் கை போய்விடக் கூடாதே என்று பதறினார்கள். ஆளுக்கொரு கையைப் பிடித்துக் குழாயடிக்கு இழுத்துப் போனார்கள். மூடிய விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தார்கள். அவன் கடித்தான், உதைத்தான், அகிலா அகிலா என்று கத்தினான். மாயாண்டி குழாயை முழுசாகத் திறந்துவிட்டார். கறுப்பு, நீரில் நூல் நூலாகக் கரைந்து, விரல் வழியாக இறங்கி, சாக்கடைப் பொந்துக்குள் போயிற்று.

அகி என்று ஒரு முறை கத்தினான்.

பிறகு அவன் வாய் அப்படியே நின்றுவிட்டது.

கிரைண்டர் சத்தம் கேட்டது. டிரெய்லர் ஹாரன் அடித்தது. சோலைமுத்து தன் கைகளைப் பார்த்தான். தோல் சிவந்து வழன்றிருந்தது.

"எப்படிண்ணே ஆச்சு?"

"நீதான்டா தொட்டிக்குள்ள கைய விட்டே," என்றார் மாயாண்டி. கொஞ்சம் தயங்கினார். "எதுக்கு விட்டே?"

"தெரியலையே."

ரிபாய் பாய் தன் கையில் ஒரு பழைய காகிதம் இருப்பதைக் கண்டு, திருப்பித் திருப்பிப் பார்த்தார். இதை ஏன் எடுத்து வந்தோம் என்று அவருக்குப் பிடிபடவில்லை. கசக்கிக் குப்பைத்தொட்டியில் போட்டுவிட்டு, ஆஸ்பத்திரிக்குப் போக வண்டி சொல்லப் போனார்.

வண்டி வருவதற்குள் மதிய இடைவேளை வந்துவிட்டது. கையில் ஈரத்துணியைச் சுற்றிக்கொண்டு ஷெட் நிழலில் உட்கார்ந்திருந்தான் சோலைமுத்து. ஆபீஸ் அறையில் விழுந்து கிடந்த செல்லை மாயாண்டி எடுத்து வந்திருந்தார். அது அடித்து நின்றது. ஒரே ஒரு மிஸ்டு கால். மாயாண்டிதான் திருப்பி அழுத்திக் காதில் வைத்துவிட்டார்.

"ஏங்க, ஒண்ணுமில்ல," என்றாள் தாமரை. "ஏதோ சொல்லணும்னு நெனச்சேன். மறந்துபோச்சு."

"எனக்குக் கையில காஸ்டிக் பட்டுருச்சு. பயப்படாத. கொஞ்சம்தான்."

"பாத்து இருக்கக் கூடாதா? தனி ஆளாக் கெடந்து நான் இங்க..." என்று ஆரம்பித்து நிறுத்தினாள். "ஏங்க, நம்ம கொடியில ஒரு சின்னப் பாவாடை காயுது. யாரு போட்டான்னு தெரியல."

"பக்கத்து வீட்டுப் பிள்ளையோடதா இருக்கும்."

"பக்கத்து வீட்ல ரெண்டும் பயலுகதானே."

சோலைமுத்துவின் கண்ணிலிருந்து பொலபொலவென்று நீர் கொட்டியது. ஏன் என்று புரியவில்லை. காஸ்டிக் ஆவி பட்டிருக்கும் என்று நினைத்துத் தோளில் துடைத்துக்கொண்டான்.

"கொடிக்குக் கீழ ஒரு பிலிம் துண்டும் கெடந்துச்சு," என்றாள். "வெயில்ல பிடிச்சுப் பாத்துக்கிட்டு இருக்கேன். செவப்புத் துணி, அம்புட்டு அழகா இருக்கு. இருங்க, வாசல்ல யாரோ வந்திருக்காக."

"யாரு?"

"தெரியல. வெளியூர் ஆளு. கறுப்புக் கோட்டு. இந்த வேகாத வெயில்ல கோட்டுப் போட்டுக்கிட்டு... கையில துணி வச்சிருக்காரு. விக்க வந்தவரு போல. சிரிச்ச முகமா இருக்காரு. தலையக் குனிஞ்சு கும்புடுறாரு."

முதுகுளத்தூர் வெயில் எப்படி என்று சோலைமுத்துவுக்குத் தெரியும். பாவம், யார் பெற்ற பிள்ளையோ.

"உள்ள கூப்பிட்டு உக்கார வையி. ஒரு செம்புத் தண்ணி குடு."

"சரிங்க," என்றாள் தாமரை. "வாங்க."

அதற்குப் பிறகு அவள் பேசவில்லை. காலடிச் சத்தமும் கேட்கவில்லை. காக்கை, கோழி ஒன்றுமே இல்லை.

"ஹலோ," என்றான். மறுபடி ஒரு முறை, "ஹலோ."

மாயாண்டி செல்லை எடுத்துத் திரையைப் பார்த்தார். வீடு என்று பெயர் போட்டிருந்தது.

"யாருடா லைன்ல?"

சோலைமுத்து நெற்றியைச் சுருக்கி யோசித்தான். நாலரை வருஷமாக யாருமற்ற ஒண்டிக்கட்டையாகத்தான் இந்த யார்டில் கிடக்கிறான். அவனுக்கு யார் போன் செய்யப் போகிறார்கள்?

"தெரியலைண்ணே. ராங் நம்பர் போல. வச்சிருங்க."

மாயாண்டி சிவப்புப் பொத்தானை அழுத்தினார். மறுபடி அழுத்தினார். பின்பக்க மூடியைத் திறந்து பேட்டரியைக் கழற்றிக் கையில் எடுத்தார்.

திரையில் வினாடிகள் ஓடிக்கொண்டே இருந்தன.